நான்கு சென்டிமீட்டர் இடைவெளி

ஜெர்மனியின் பிரவுன்ஷ்வைக் நகரில் 1920-இல் பால் ஃபிராங்கே, ரைன்ஹோல்ட் ஹைடெக்கே என்ற இருவர் கூட்டாக ஒரு கேமராப் பட்டறை தொடங்கினார்கள். இருவரும் அதே ஊரில் பெயர்பெற்ற ஃபோய்க்ட்லேண்டர் நிறுவனத்தில் வேலை பார்த்து வெளியே வந்தவர்கள். வணிகம் ஃபிராங்கேயின் பொறுப்பு, கருவியை வடிவமைப்பது ஹைடெக்கேயின் பொறுப்பு. முதலில் அவர்கள் செய்து விற்ற ஹைடாஸ்கோப் என்ற ஸ்டீரியோ கேமராவில் வரிசையாக மூன்று லென்ஸ்கள் இருந்தன. ஓரங்களில் உள்ள இரண்டும் படம் எடுப்பவை. நடுவில் உள்ளது பார்ப்பதற்கு மட்டுமே. அதன் வழியே வரும் ஒளி, உள்ளே 45 பாகையில் சாய்ந்திருக்கும் கண்ணாடியில் பட்டு மேலே திரும்பி, தேய்த்த கண்ணாடித் தகட்டில் காட்சியாக விழும். இந்த மூன்றில் ஒன்றைக் கழித்துவிட்டு, மிச்சம் இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக நிறுத்தினால் கிடைப்பதுதான் 1929-இல் வெளிவந்த ரோலைஃப்ளெக்ஸ்.

இரட்டை லென்ஸ் என்ற யோசனை அவர்களிடம் பிறந்ததல்ல. 1880-களிலேயே லண்டனில் அத்தகைய கேமராக்கள் வந்துவிட்டன. ஆனால் அவை கண்ணாடித் தகட்டில் படமெடுக்கும் கனத்த பெட்டிகள். ஹைடெக்கே அந்தப் பெட்டியை உலோகத்தில் வார்த்து, இரு கைக்குள் அடங்கும்படி சுருக்கி, தகட்டுக்குப் பதில் சுருள் ஃபிலிமைப் போட்டார். முதல் மாதிரியில் 117 என்ற சுருள், அதில் ஆறு படம். 1932-இல் வந்த மாதிரி 120 ஃபிலிமுக்கு மாறி, ஒரு சுருளில் பன்னிரண்டு படம் தந்தது. ஒவ்வொரு நெகட்டிவும் ஏறக்குறைய 56 மி.மீ. சதுரம். 35 மி.மீ. கேமராவின் நெகட்டிவைவிடப் பரப்பில் மூன்றரை மடங்குக்கும் மேல். அந்தக் காலத்து ஃபிலிமில் கிரெயின் அதிகம் என்பதால், பத்திரிகை அச்சுக்கும் ஸ்டூடியோ பிரிண்டுக்கும் இந்தப் பரப்பு பெரிய வரமாக இருந்தது.

மேல் லென்ஸ் பார்க்கும், கீழ் லென்ஸ் பதியும். இரண்டும் ஒரே முகப்புப் பலகையில் பொருத்தப்பட்டவை. பக்கவாட்டுக் குமிழைத் திருகினால் பலகையே முன்னும் பின்னும் நகரும். மேலே காட்சி தெளிந்தால் கீழே ஃபிலிமிலும் தெளிந்திருக்கும். பார்க்கும் பாதையும் பதியும் பாதையும் வேறு வேறு என்பதால் கண்ணாடி அசைய வேண்டிய அவசியமே இல்லை. ஒற்றை லென்ஸ் ரிஃப்ளெக்ஸ் கேமராவில் பொத்தானை அழுத்தியதும் கண்ணாடி மேலே தூக்கிக்கொள்ளும், ‘டபக்’ என்ற சத்தத்தோடு காட்சி ஒரு கணம் இருண்டுபோகும். படம் பதியும் அந்த நொடியை மட்டும் எடுப்பவரால் பார்க்கவே முடியாது. இரட்டை லென்ஸ் கேமராவில் அதையும் பார்க்கலாம். எதிரே இருந்தவர் சரியாக அப்போது கண் சிமிட்டினாரா என்பது உடனே தெரிந்துவிடும். லென்ஸுக்குள்ளேயே இருக்கும் கம்பூர் ஷட்டர் மெல்லிய ‘க்ளிக்’ என்ற ஒலியோடு வேலையை முடித்துவிடும். எந்த வேகத்திலும் ஃபிளாஷோடு ஒத்துப்போகும்.

இந்த நன்மைகள் எல்லாமே இரண்டு லென்ஸ் இருப்பதால் வந்தவை. குறையும் அதனால் வந்ததே. ரோலைஃப்ளெக்ஸில் இரு லென்ஸ்களின் மையங்களுக்கும் இடையே சுமார் 4 செ.மீ. இடைவெளி. கேமராவின் கண் ஓரிடத்தில் இருந்து பார்க்கிறது, ஃபிலிமோ அதற்கு 4 செ.மீ. கீழே இருந்து பார்க்கிறது. பள்ளி இயற்பியலில் இடமாறு தோற்றப் பிழை என்று படித்தோமே, அதுதான். இந்தக் கேமராவுக்கென்று எண்பது ஆண்டுகளில் வந்த துணைக்கருவிகளை ஒன்றாக வைத்துப் பார்த்தால், அவற்றில் சிறந்தவை இந்த 4 செ.மீ. இடைவெளியைக் கடக்கச் செய்த முயற்சிகள் என்பது புலப்படும். துணைக்கருவிகளை அலங்காரமாகவோ சேகரிப்புப் பொருளாகவோ பார்க்கிறவர்கள் அதிகம். ஒரு கருவியை உருவாக்கியவர் தன் படைப்பின் குறையை எவ்வளவு தெளிவாக அறிந்திருந்தார் என்பதற்கு அவையே சாட்சி என்பது என் எண்ணம்.

முதலில் குறையின் அளவைப் பார்ப்போம். 75 மி.மீ. லென்ஸ் உள்ள ரோலைஃப்ளெக்ஸில், 10 மீட்டர் தொலைவில் நிற்பவரைப் படமெடுத்தால் சட்டத்துக்குள் சுமார் 7 மீட்டர் அகலக் காட்சி அடங்கும். அதில் 4 செ.மீ. விலகல் ஒரு பொருட்டே இல்லை. ஒரு மீட்டரில் நின்று முகத்தை எடுக்கும்போது காட்சி 70 செ.மீ. அளவுக்குச் சுருங்கிவிடும். விலகல் நூற்றுக்கு ஆறு ஆகிவிடும், தலையின் உச்சி வெட்டுப்பட அது போதும். நெருங்கிப் படமெடுக்க லென்ஸின் முன்னால் சேர்க்கும் கூட்டு லென்ஸை மாட்டி 30 செ.மீ. வரை நெருங்கினால் காட்சியின் உயரம் இருபது செ.மீ. சொச்சம்தான். இப்போது ஐந்தில் ஒரு பங்கு விலகல். பார்த்தது ஒன்று, பதிந்தது வேறொன்று.

ஹைடெக்கே கேமராவின் உள்ளேயே இதற்கு முதல் மருந்தை வைத்தார். தேய்த்த கண்ணாடிக்குக் கீழே ஒரு சட்டம் உண்டு. ஃபோகஸ் குமிழைத் திருகி நெருங்க நெருங்க அந்தச் சட்டமும் தானே நகர்ந்து, கீழ் லென்ஸ் காணும் எல்லையை மேலே காட்டும். தனியாக எதையும் திருகவோ நினைவில் வைக்கவோ தேவையில்லை. மலிவான பல இரட்டை லென்ஸ் கேமராக்களில் இது கிடையாது. ரோலைஃப்ளெக்ஸின் விலைக்கு நியாயம் சொல்லும் அம்சங்களில் இதை முன்னால் வைப்பேன்.

ஆனாலும் நகரும் சட்டம் எல்லையை மட்டுமே திருத்துகிறது, பார்வைக் கோணத்தைத் திருத்துவதில்லை. இந்த வேறுபாட்டைப் பலரும் கவனிப்பதில்லை. மேசையில் ஒரு குத்துவிளக்கும் அதற்குப் பின்னால் சுவரில் ஒரு படமும் இருப்பதாக வைத்துக்கொள்வோம். மேல் லென்ஸ் வழியே பார்க்கும்போது விளக்கின் உச்சி, படத்தின் சட்டத்துக்குச் சற்றுக் கீழே நிற்கிறது. கீழ் லென்ஸுக்கு அதே உச்சி படத்துக்கு உள்ளே நீட்டிக்கொண்டு தெரியும். எல்லைச் சட்டத்தை எவ்வளவு நகர்த்தினாலும் முன்னது பின்னதை மறைக்கும் விதம் மாறாது. அதை மாற்ற ஒரே வழி, லென்ஸ் இருக்கும் இடத்தையே மாற்றுவது. இதற்கு விடை பிரவுன்ஷ்வைக்கில் இருந்து வரவில்லை, ஜப்பானில் இருந்து வந்தது. அதைப் பிறகு பார்ப்போம்.

பிரவுன்ஷ்வைக் தந்த சிறந்த துணைக்கருவி ரோலைனார். கூடுதல் துணை ஏதும் இல்லாமல் ரோலைஃப்ளெக்ஸ் ஏறக்குறைய ஒரு மீட்டருக்குள் நெருங்காது. ரோலைனார் என்பது ஜோடியாக வரும் கூட்டு லென்ஸ். ஒன்றாம் எண் சுமார் 1 மீட்டரில் இருந்து அரை மீட்டர் வரைக்கும், இரண்டாம் எண் அரை மீட்டரில் இருந்து 30 செ.மீ. சொச்சம் வரைக்கும், மூன்றாம் எண் அதற்கும் நெருக்கத்துக்கும். தோல் உறையைத் திறந்தால் இரண்டு வட்டங்கள் இருக்கும். மெல்லியது கீழ் லென்ஸுக்கு. தடித்தது மேல் லென்ஸுக்கு. தடித்ததை விளக்கொளியில் பக்கவாட்டாகப் பிடித்துப் பார்த்தால் அதன் கண்ணாடி ஒரு புறம் கனத்தும் மறுபுறம் மெலிந்தும் இருப்பது தெரியும். கூட்டு லென்ஸோடு சேர்த்து வைத்த ஆப்பு வடிவப் பட்டகம் அது. மேல் லென்ஸின் பார்வையைக் கீழ்நோக்கிச் சற்றே வளைத்து, கீழ் லென்ஸ் பார்க்கும் இடத்துக்கே கொண்டுபோகிறது. வளையத்தில் ஒரு சிவப்புப் புள்ளி இருக்கும். மாட்டும்போது அந்தப் புள்ளி உச்சியில் நிற்க வேண்டும். பக்கவாட்டில் நின்றால் பார்வை பக்கவாட்டில் வளைந்து, திருத்தம் இரட்டைப் பிழையாகிவிடும். பழைய தொகுதிகளில் இந்தப் பட்டகம் ரோலைபார் என்ற பெயரில் தனி வட்டமாக வந்தது. அதைத் தொலைத்துவிட்ட தொகுதிகள் இன்றும் சந்தைக்கு வருகின்றன. வாங்குபவர் எண்ணிப் பார்த்து வாங்க வேண்டும்.

ரோலைனாரின் இன்னொரு நன்மை, எக்ஸ்போஷரைக் கூட்ட வேண்டியதில்லை. லென்ஸை ஃபிலிமை விட்டு வெகுதூரம் தள்ளி நெருங்கிப் படமெடுத்தால் ஒளி குறையும். கூட்டு லென்ஸ் வழியில் அந்த இழப்பு கணக்கில் கொள்ளும் அளவுக்கு இருக்காது. முகத்தைச் சட்டம் நிறைய எடுக்க ஒன்றாம் எண் ரோலைனாரைப் போல எளிதான வழி இந்தக் கேமராவில் வேறில்லை.

ஃபில்டர், ஹூட், ரோலைனார் எல்லாம் பயோனெட் வளையத்தில் மாட்டப்படுபவை. லென்ஸின் உள் விளிம்பில் ஃபில்டரும் ரோலைனாரும், வெளி விளிம்பில் ஹூட். சிக்கல் என்னவென்றால் வளையம் மூன்று அளவுகளில் இருக்கிறது. பழைய f/3.5 டெஸ்ஸார் லென்ஸ் மாதிரிகளுக்கு ஒன்றாம் அளவு, f/3.5 பிளானார், ஜெனோட்டார் லென்ஸ் மாதிரிகளுக்கு இரண்டாம் அளவு, f/2.8 மாதிரிகளுக்கு மூன்றாம் அளவு. ஒன்றுக்கு வாங்கியது மற்றொன்றுக்குப் பொருந்தாது. ஜப்பானின் யாஷிகா மாட், மினோல்ட்டா ஆட்டோகார்ட் இரண்டும் அந்த ஒன்றாம் அளவையே எடுத்துக்கொண்டதால், அதற்கான பொருட்கள்தான் இன்று எளிதாகவும் மலிவாகவும் கிடைக்கின்றன. போலரைசிங் ஃபில்டரைப் பயன்படுத்தும்போது இரண்டு லென்ஸின் கஷ்டம் மறுபடி தலைகாட்டும். அதை முதலில் மேல் லென்ஸில் மாட்டி, சுழற்றிப் பார்த்து, விளிம்பில் உள்ள எண்ணைக் குறித்துக்கொண்டு, கழற்றிக் கீழ் லென்ஸில் அதே எண்ணுக்கு வைக்க வேண்டும். பொறுமை உள்ளவருக்கே அது சரிப்படும்.

மற்றத் துணைக்கருவிகளை விரைவாகச் சொல்லிவிடலாம். ரோலைகின், 120 கேமராவுக்குள் 35 மி.மீ. ஃபிலிமைப் போட வழிசெய்யும் தொகுதி. 75 மி.மீ. லென்ஸ் அப்போது முகப் படத்துக்கு உகந்த லென்ஸாகிவிடும். ரோலைஃபிக்ஸ், முக்காலிக்கும் கேமராவுக்கும் நடுவே மாட்டும் பிடிமானம். திருகின் அழுத்தம் முழுதும் கேமராவின் அடியில் ஓரிடத்தில் விழுந்து பின்கதவை வளைத்துவிடாமல் காப்பதற்கு அது வேண்டும். முக்காலியில் அதிகம் வேலை செய்பவர் வேறெதை விட்டாலும் இதை விடக்கூடாது. ஆஸ்திரிய ஆழ்கடல் நீச்சல்காரர் ஹான்ஸ் ஹாஸ் வடிவமைக்க, 1950-களில் ஃபிராங்கே-ஹைடெக்கே தயாரித்த ரோலைமாரின், கேமராவை முழுதாக உள்ளே வைத்து நீருக்கடியில் கொண்டுசெல்லும் உலோகக் கூடு. கண்மட்டத்தில் பார்ப்பதற்கான ஐம்பட்டகப் பார்வைக் கருவியும் வந்தது. இடுப்பளவில் குனிந்து பார்க்கும்போது காட்சி இடம் வலமாகத் தெரியும், ஓடுகிறவரைத் தொடர நினைத்தால் கை எதிர்ப்பக்கம் போகும். ஐம்பட்டகம் அதை நேராக்கியது. ஆனால் கனத்தைக் கூட்டி, குனிந்து பார்ப்பதால் கிடைத்த நன்மையையும் எடுத்துக்கொண்டது.

லென்ஸை மாற்றும் வசதியை மட்டும் ஹைடெக்கேயின் நிறுவனம் கடைசிவரை தரவில்லை. அகலக் கோணம் வேண்டுமா, 55 மி.மீ. லென்ஸ் பொருத்திய தனிக் கேமரா. தொலைவு வேண்டுமா, 1959-இல் வந்த 135 மி.மீ. டெலி ரோலைஃப்ளெக்ஸ், அதுவும் தனிக் கேமரா. இரு லென்ஸும் இம்மி பிசகாமல் ஒன்றாக ஃபோகஸ் ஆக வேண்டும் என்றால் அவற்றைக் கழற்றி மாட்ட விடக்கூடாது என்ற பிடிவாதம் அது. அந்தப் பிடிவாதத்துக்கு எதிரே நின்று யோசித்தது ஜப்பானின் மாமியா நிறுவனம். 1957-இல் வந்த மாமியாஃப்ளெக்ஸ் சி முதல் 1969-இன் சி 330 வரை, அதன்பின் 1990-களின் நடுப்பகுதி வரை நீண்ட வரிசையில், மேல் கீழ் லென்ஸ்கள் ஜோடியாக ஒரே பலகையில் கழன்று வரும். 55 மி.மீ. முதல் 250 மி.மீ. வரை ஏழு அளவு. ஷட்டர் ஒவ்வொரு கீழ் லென்ஸுக்குள்ளும் தனித்தனி. கழற்றும் முன் ஒரு குமிழைத் திருப்பினால் உள்ளே தடுப்பு எழுந்து ஃபிலிமை வெளிச்சத்திலிருந்து மறைக்கும்.

மாமியாவின் முகப்பு, மடிப்புத் துருத்தியில் முன்னால் நகரும். 80 மி.மீ. லென்ஸோடு ஏறத்தாழ 35 செ.மீ. வரை, கூட்டு லென்ஸ் எதுவும் இல்லாமலே நெருங்கலாம். ஆனால் துருத்தி நீள நீள ஒளி குறையும், எக்ஸ்போஷரைக் கூட்ட வேண்டும். சி 330-இன் பார்வைத் தகட்டில் ஒரு கோடு நகர்ந்து, படத்தின் மேல் எல்லை எங்கே, எக்ஸ்போஷரை எத்தனை மடங்கு கூட்ட வேண்டும் என்ற இரண்டையும் காட்டும். நன்றாக யோசித்துச் செய்த ஏற்பாடு.

மாமியாவில் இரு லென்ஸ்களின் இடைவெளி 50 மி.மீ. அதற்கு அவர்கள் தந்த துணைக்கருவியின் பெயர் பாராமெண்டர். முக்காலிக்கும் கேமராவுக்கும் இடையே பூட்டும் சிறிய தூக்கி அது. மேல் லென்ஸ் வழியே பார்த்து, சட்டம் அமைத்து, ஃபோகஸ் செய்து முடித்த பிறகு கைப்பிடியைத் திருகினால் கேமரா மொத்தமும் துல்லியமாக 50 மி.மீ. மேலே எழும்பும். இப்போது கீழ் லென்ஸ், சற்று முன் மேல் லென்ஸ் இருந்த அதே இடத்தில் நிற்கிறது. குத்துவிளக்கின் உச்சி எங்கே நிற்கக் கண்டோமோ அங்கேயே பதியும். எல்லையும் கோணமும் ஒருசேரத் திருந்திவிடும். நகரும் சட்டமும் ஆப்புப் பட்டகமும் பாதி வழிதான் போயின, முழு வழியும் போனது இது ஒன்றே. லென்ஸோ கண்ணாடியோ இல்லாத, வெறும் உயர்த்தும் இயந்திரம் என்பதால் படத்தின் தெளிவையும் அது தொடுவதில்லை.

அப்படியானால் பாராமெண்டர் ஏன் ரோலைனார் அளவுக்குப் பரவவில்லை? அதற்கு முக்காலி வேண்டும். படமெடுக்கப்படும் பொருள், பார்த்ததற்கும் பதிவதற்கும் நடுவே அசையாதிருக்க வேண்டும். பூவையோ நாணயத்தையோ பழைய ஏட்டையோ எடுப்பவருக்கு அது சரி. நடந்துகொண்டே மனிதர்களை எடுப்பவருக்கு ஆகாது. சி 330, 80 மி.மீ. லென்ஸோடு சேர்த்து ஏறக்குறைய 1.7 கிலோ. ரோலைஃப்ளெக்ஸ் 2.8 எஃப் 1.2 கிலோ. கழுத்தில் நாள் முழுதும் தொங்கும்போது அந்த அரைக் கிலோவின் பொருள் விளங்கும். துல்லியத்தில் மாமியா வென்றது. கையில் எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கும் சுதந்திரத்தில் ரோலைஃப்ளெக்ஸ் வென்றது. இரட்டை லென்ஸ் கேமராவின் இயல்பு இரண்டாவதில்தான் இருக்கிறது என்று நான் கருதுகிறேன்.

இதற்கு ஆதாரம் அதைக் கொண்டு எடுக்கப்பட்ட படங்களே. சிகாகோவில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் தாதியாக வேலை செய்த விவியன் மையர், 1950-களில் இருந்து ரோலைஃப்ளெக்ஸோடு தெருத்தெருவாக நடந்தார். 2007-இல் அவருடைய பொருட்கள் ஏலத்துக்கு வந்த பிறகே உலகம் அந்த நெகட்டிவ்களைக் கண்டது. அவர் படங்களில் மனிதர்கள் சற்றுத் தாழ்ந்த மட்டத்தில் இருந்து பார்க்கப்படுகிறார்கள். கேமரா அவர் மார்புக்குக் கீழே இருந்தது, அவர் தலை குனிந்திருந்தது. எதிரே இருப்பவரை நேருக்கு நேர் குறிவைக்கும் கண் அங்கே இல்லை. இந்தியாவின் முதல் பெண் பத்திரிகைப் புகைப்படக் கலைஞர் ஹோமாய் வியாரவாலா, ஸ்பீட் கிராஃபிக்கோடு ரோலைஃப்ளெக்ஸையும் வைத்துக்கொண்டு டெல்லியில் விடுதலைக் காலத்தைப் பதிவு செய்தார். டயான் ஆர்பஸ் 1960-களின் தொடக்கத்தில் 35 மி.மீ. கேமராவை விட்டுவிட்டு ரோலைஃப்ளெக்ஸுக்கு மாறி, பின்னர் ஃபிளாஷோடு மாமியா சி 33-ஐ எடுத்துக்கொண்டார். எதிரே நின்று, ஒப்புதலோடு, நெருங்கி எடுத்த அவருடைய முகங்களுக்குக் கனத்த கேமரா தடையாக இல்லை.

ஹைடெக்கேயின் திறமை முழுதும் தெரியும் இடம் ஒன்றைச் சொல்லாமல் விட மனமில்லை. 1937-இல் வந்த ரோலைஃப்ளெக்ஸ் ஆட்டோமாட்டில், ஃபிலிம் தொடங்கும் இடத்தைக் கேமராவே கண்டுபிடிக்கும். 120 சுருளின் முன்பகுதி வெறும் காகிதம். சற்றுத் தள்ளித்தான் ஃபிலிம் ஒட்டப்பட்டிருக்கும். அடிப்பகுதியில் இரண்டு உருளைகள். காகித முனையை அந்த இரண்டுக்கும் நடுவே செருகி, மேலே இழுத்து, காலிச் சுருளில் மாட்டிக் கதவை மூட வேண்டும். கைப்பிடியைச் சுற்றும்போது வெறும் காகிதம் உருளைகளுக்கிடையே ஓடும். ஃபிலிமின் முனை வந்ததும் கனம் கூடும். மில்லிமீட்டரில் சிறு பின்னமான அந்தக் கன மாற்றத்தை உருளை உணர்ந்து, எண்காட்டியை முடுக்கிவிடும். முதல் படம் சட்டத்துக்கு வந்ததும் கைப்பிடி தானே நிற்கும். மின்சாரம் கிடையாது, சிவப்புச் சன்னல் வழியாக எண் பார்க்கும் வேலையும் கிடையாது. காகிதத்தை உருளைகளுக்கு நடுவே விடாமல் மேலாக விட்டுவிட்டால் மட்டும் கேமரா எதையும் உணராது, சுருள் முழுதும் நிற்காமல் ஓடித் தீர்ந்துவிடும். புதிதாகக் கையில் எடுப்பவர் முதலில் கற்க வேண்டிய பாடம் இது.

ஒற்றை லென்ஸ் ரிஃப்ளெக்ஸ்கள் வலுப்பெற்ற பிறகு இந்த வகைக் கேமராவின் சந்தை சுருங்கியது. ஹாஸல்பிளாட் 500 சி 1957-இல் வந்தபோது, பார்ப்பதும் பதிவதும் ஒரே லென்ஸ், லென்ஸையும் மாற்றலாம், பின்பெட்டியையும் மாற்றலாம் என்றாயிற்று. 4 செ.மீ. இடைவெளி என்ற பேச்சே அங்கு இல்லை. தமிழ்நாட்டில் 1970-களிலும் கல்யாண வீடுகளிலும் ஸ்டூடியோக்களிலும் யாஷிகா மாட், ரோலைகார்ட் போன்றவை உழைத்துக்கொண்டிருந்தன. அவற்றுக்கான கறுப்பு வெள்ளைச் சுருளை ஊட்டியில் இருந்த இந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸ் ஆலை ‘இந்து’ என்ற பெயரில் தயாரித்தது. அந்த ஆலை இன்று இயங்கவில்லை. பிரவுன்ஷ்வைக்கிலும் ரோலைஃப்ளெக்ஸ் செய்த கடைசி நிறுவனம் 2015-இல் முடிவுக்கு வந்துவிட்டது. 120 ஃபிலிமை மட்டும் உலகின் சில ஆலைகள் இன்னும் தயாரிக்கின்றன.

ஆகவே வீட்டுப் பரணிலோ பழைய ஸ்டூடியோ அலமாரியிலோ இப்படி ஒரு கேமரா கிடைத்தால் பழைய இரும்பு என்று கொடுத்துவிடாதீர்கள். அதன் தோல் உறையிலிருந்து முதலில் வெளியே எடுங்கள். நம் ஊர் ஈரக்காற்றில் தோல் உறை பூஞ்சைக்கு வீடு. சிலிக்கா ஜெல் போட்ட மூடிய பெட்டியில் வையுங்கள். உள்ளே இருக்கும் கண்ணாடியைத் துணியால் துடைக்காதீர்கள். வெள்ளிப்பூச்சு மேற்பரப்பிலேயே இருப்பதால் தேய்ந்துவிடும். பழைய கம்பூர் ஷட்டரில் 1/500 வேகம் வேண்டுமானால், ஷட்டரை ஏற்றுவதற்கு முன்பே அந்த எண்ணுக்கு வைத்துவிடுங்கள். சுயப்பதிவு நெம்புகோலை இழுக்கவே வேண்டாம், சிக்கிக்கொண்டால் ஷட்டரையும் சேர்த்து முடக்கும். துணைக்கருவி வாங்கப் பணம் ஒதுக்கினால் முதலில் ஹூட், அடுத்து ஒன்றாம் எண் ரோலைனார், முக்காலி இருந்தால் ரோலைஃபிக்ஸ். மற்றவை இல்லாவிட்டாலும் பரவாயில்லை. வாங்கும் முன் உங்கள் கேமராவின் பயோனெட் அளவைப் பார்த்து எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.